கண்ணகிக்கு ஓர் ஒதுக்கீட்டு ஆணை

சென்னையின் நீர்வழிகளுக்குக் கண்பார்வை வினோதமானது. தன் முதுகின் மேல் பாலம் போட்டு நீட்டிய விமான ஓடுதளம் அடையாற்றுக்குத் தெரியாது. 1995இல் ஓடத் தொடங்கி 2007இல் வேளச்சேரி வந்து சேர்ந்த பறக்கும் ரயில், பக்கிங்காம் கால்வாயின் வயிற்றில் வரிசையாகத் தூண்களை இறக்கியிருப்பது கால்வாய்க்குத் தெரியாது. துறைமுகம்-மதுரவாயல் உயர்மட்டச் சாலைக்காக நட்டவை கூவத்துக்குத் தெரியாது. ஆனால் கரையோரம் ஒருத்தி நீலத் தார்ப்பாய் கட்டி, அதன் கீழே அடுப்பு மூட்டி, நாலு பேருக்கு ஆப்பம் சுட்டுப் போட்டால் போதும். மூன்றுக்கும் ஒரே நேரத்தில் மூச்சுத் திணறும். நீரோட்டம் தடைப்படும். உடனே ஒரு வழக்கு, ஓர் ஆணை, ஒரு பொக்லைன்.

அந்த ஆப்பக்கடைக்காரிக்கு அரசுக் காகிதத்தில் ஒரு பெயர் உண்டு: ஆட்சேபகரமான புறம்போக்கில் இருக்கும் ஆக்கிரமிப்பாளர். ரயில்வேக்கு அந்தப் பெயர் கிடையாது. நெடுஞ்சாலைக்காரர்களுக்குக் கிடையாது. எல்லாரும் நிற்பது ஒரே ஆற்றில்தான். நிற்பவரின் எடைதான் வேறு. ஒரு தூணின் எடை பல டன். ஒரு குடும்பத்தின் எடை, ரேஷன் கார்டையும் சேர்த்து, முந்நூறு கிலோ தேறாது. லாரியில் ஏற்றிவிடலாம்.

எப்போதும் இப்படித்தான் இருந்தது என்று சொன்னால் அது பொய். 1970இல் குடிசை மாற்று வாரியம் தொடங்கியபோது ஏழையின் சிரிப்பில் இறைவனைக் காண்பதாகச் சொல்லித்தான் தொடங்கினார்கள். இருந்த இடத்திலேயே மாடி வீடுகள் கட்டிக் கொடுத்தார்கள். நொச்சிக்குப்பத்தில் கடலைப் பார்த்தபடி நின்ற வரிசை வீடுகள் அப்படி வந்தவைதான். சுவர் விரிசல் விட்டது, காரை பெயர்ந்தது, மாடிப்படியில் கம்பி தெரிந்தது, எல்லாம் உண்மை. ஆனால் விடிந்து எழுந்து பார்த்தால் கடல் அங்கேயே இருந்தது. மீன்காரிக்கு அது பெரிய விஷயம்.

அடுத்த ஆண்டு வந்த சட்டம் இன்னும் நல்லது. ஓர் இடத்தைக் குடிசைப் பகுதி என்று அறிவித்துவிட்டால் அங்கே தண்ணீர், கழிப்பறை, விளக்கு கொடுக்க வேண்டிய பொறுப்பு அரசின் தலையில் விழும். நினைத்த மாத்திரத்தில் யாரையும் துரத்தவும் முடியாது. 1971இல் சென்னையில் 1,202 இடங்களை அறிவித்தார்கள். 1985இல் இன்னும் 17. அத்தோடு சரி. அதற்குப் பிறகு இத்தனை ஆண்டுகளில் ஒரு புதிய குடிசைப் பகுதிகூட அரசின் கண்ணில் படவில்லை. மெட்ராஸ் சென்னை ஆயிற்று, மேம்பாலம் வந்தது, மெட்ரோ வந்தது, ஊர் மூன்று பக்கமும் ஊதிப் பெருத்தது. குடிசை மட்டும் வரவே இல்லையாம். அறிவித்தால் அரசுக்குக் கடமை, அறிவிக்காமல் விட்டால் குடியிருப்பவனுக்கு ஆக்கிரமிப்பு. இந்தக் கணக்குப் போட ஐ.ஏ.எஸ். படிக்க வேண்டியதில்லை. ஆனாலும் படித்தவர்கள்தான் போட்டார்கள்.

அந்த 1985ஆம் ஆண்டே ஒரு மாதிரியான ஆண்டு. பம்பாய் நடைபாதைவாசிகளின் ஓல்கா தெல்லிஸ் வழக்கில், பிழைப்பைப் பறிப்பது உயிரைப் பறிப்பதுதான் என்று ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சென்னைக் குடிசைவாசிகளுக்காக, பின்னாளில் உயர் நீதிமன்ற நீதிபதியான வழக்கறிஞர் கே. சந்துரு தொடுத்த வழக்கும் அப்போது அந்த நீதிமன்றத்தின் முன்தான் இருந்தது. பம்பாய்த் தீர்ப்பைப் படித்தால் கண் கலங்கும். கடைசிவரை படித்தால் கலங்கிய கண் காய்ந்துவிடும்: முறையாக நோட்டீஸ் கொடுத்துவிட்டு அப்புறப்படுத்திக்கொள்ளலாம். அந்த ஆண்டு முடிவதற்குள், கட்டுமரமும் வலையும் மெரினாவின் அழகைக் கெடுக்கின்றன என்று அள்ளப் போன இடத்தில் போலீஸ் துப்பாக்கி வெடித்து மீனவர்கள் செத்தார்கள். அழகுக்கு அப்போதே அவ்வளவு விலை.

இன்று துப்பாக்கி தேவைப்படுவதில்லை. நாகரிகம் வளர்ந்துவிட்டது. முதலில் கதவில் பெயின்டால் ஒரு நம்பர். பிறகு கைரேகை. பிறகு டோக்கன். பிறகு வார்டில் செல்வாக்குள்ள ஓர் அண்ணன் வந்து, "ஏம்மா, அடுக்குமாடில வூடு குடுக்குறாங்கோ, இன்னாத்துக்கு அழுவுற?" என்பார். கடைசியில் லாரி. பீரோ, கிரைண்டர், சாமி படம், அவற்றின் மேல் உட்கார வைக்கப்பட்ட ஆயா, ஆயா மடியில் டிவி. பையனுக்கு அரையாண்டுப் பரீட்சையா, பொதுத்தேர்வா என்று பொக்லைன் ஓட்டுகிறவரிடம் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். பாவம், கல்வித்துறை வேறு கட்டடத்தில் இருக்கிறது.

2020 டிசம்பரை எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டிலேயே இருங்கள், வெளியே வராதீர்கள் என்று அரசு தொண்டை கட்டுகிற அளவுக்குச் சொன்ன ஆண்டு அது. அந்த ஆண்டின் கடைசி மாதத்தில்தான் தீவுத்திடல் பக்கம், கூவம் கரையில், சத்தியவாணி முத்து நகர் வீடுகள் இடிபட்டன. வீட்டிலேயே இரு என்று சொன்ன வாய் ஒன்று. இடித்த கை ஒன்று. இரண்டும் ஒரே உடம்பில். சத்தியவாணி முத்து யார் என்று மறந்தவர்களுக்காகச் சொல்கிறேன்: அண்ணாவின் அமைச்சரவையில் இருந்தவர், தாழ்த்தப்பட்டோர் உரிமைக்காகக் கட்சிக்குள்ளேயே சண்டை போட்டவர். பெயர் வைக்கும்போது நமக்கு இருக்கும் மரியாதை, பெயர்ப்பலகையைப் பிடுங்கும்போது இருப்பதில்லை.

ஏன் இடிக்கிறீர்கள் என்று கேட்டால் பதில் தயாராக இருக்கும்: "உங்கள் உயிரைக் காப்பாற்றத்தான்." 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு இந்தப் பாசம் பொங்கி வழிகிறது. அந்த வெள்ளம் மனிதர்கள் உண்டாக்கிய பேரிடர் என்று இந்தியத் தணிக்கைத் துறையின் அறிக்கை 2018இல் சட்டமன்றத்திலேயே வைக்கப்பட்டது. எந்த மனிதர்கள்? செம்பரம்பாக்கத்து மதகைத் திறந்தது சைதாப்பேட்டைக் குடிசைக்காரன் அல்ல. ஏரிக்குள் மனை போட்டுப் பத்திரம் பதிந்தது பூ விற்கிற கிழவி அல்ல. ஆனால் தண்டனை என்று வந்தபோது அடையாறு, கூவம் கரைகளில் கூட்டங்கூட்டமாக லாரி ஏறியவர்கள் அவர்கள்தான். வெள்ளத்தில் எல்லாம் போய், போனது போக மிச்சமிருந்த சுவரை அரசு வந்து முடித்து வைத்தது.

சரி, உயிரைக் காப்பாற்றி எங்கே கொண்டுபோய் வைத்தார்கள்? இங்கேதான் இந்த அரசாங்கத்தின் நகைச்சுவை உணர்வைப் பாராட்டியாக வேண்டும். கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம். மூன்றும் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தைச் சுற்றிய தாழ்நிலம். ஒருகாலத்தில் 5,000 ஹெக்டேருக்கு மேல் பரந்து, தென்சென்னையின் மழையையெல்லாம் வாங்கிக் கடலுக்கு அனுப்பிய சதுப்பு அது. இன்று பத்தில் ஒரு பங்கு மிஞ்சினால் பெரிது. மிஞ்சியதிலும் ஒரு மூலையில் பெருங்குடிக் குப்பைமேடு. ஆற்றங்கரையில் இருந்தால் பத்து வருஷத்துக்கு ஒருமுறை வெள்ளம் வரும் என்று சொல்லி, ஆண்டுதோறும் ஐப்பசி கார்த்திகையில் தண்ணீர் தேங்கும் இடத்தில் குடிவைத்தார்கள். 2015இல் செம்மஞ்சேரி மூழ்கியது. அதற்குப் பிறகும் நல்ல மழை என்றால் மூழ்கியது. நீர்நிலையைக் காக்க ஏழையை எடுத்தார்கள். எடுத்த ஏழையைக் கொண்டுபோய் இன்னொரு நீர்நிலையின் வழியில் போட்டார்கள். முன்பு அவனாக ஆக்கிரமித்தான். இப்போது அரசே அவனைக் கைப்பிடித்து ஆக்கிரமிப்பாளன் ஆக்கியிருக்கிறது, ஒதுக்கீட்டு ஆணையோடு.

2022இல் அதே பள்ளிக்கரணைக்கு ராம்சர் தகுதி கிடைத்தது. உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலம். அதன் எல்லைக்குள் தனியார் அடுக்குமாடிக்கு அனுமதி தரப்பட்டதாக 2025இல் உயர் நீதிமன்றம்வரை வழக்குப் போனது. நாளைக்கு உண்மையாகவே யாராவது அந்தச் சதுப்பை மீட்கக் கிளம்பினால், முதல் நம்பர் எந்தக் கதவில் விழும் என்று ஜோசியம் பார்க்க வேண்டுமா?

அந்த வீடுகளைக் குறை சொல்லக் கூடாது, இலவசமாகக் கிடைத்ததாம். கண்ணகி நகரின் ஆரம்பகால வீடுகள் 200 சதுர அடிகூட இல்லை. பெரும்பாக்கத்தில் எட்டடுக்கு; லிஃப்ட் ஓடும் நாட்களில் அது வீடு, ஓடாத நாட்களில் ஏழாவது மாடியில் இருக்கும் சர்க்கரை நோயாளிக்கு அது சிறை. மூன்று இடத்திலும் சேர்த்து 40,000 வீடுகளுக்கு மேல். ஒரு சிறு நகரத்தையே ஏழைகளை மட்டும் கொண்டு கட்டி, அதை ஊரின் ஓரத்தில் வைத்து, பிறகு அங்கே ஏன் குற்றம் நடக்கிறது என்று ஆய்வு செய்கிறார்கள்.

பிழைப்பு? தீவுத்திடலிலிருந்து பெரும்பாக்கம் 25 கிலோமீட்டர். சிந்தாதிரிப்பேட்டை மார்க்கெட்டில் மீன் வாங்கி விற்றவளுக்கு, விடியற்காலை மார்க்கெட் கூடும் நேரத்துக்கு அங்கே நிற்க வேண்டுமானால் பேய் உறங்கும் நேரத்தில் எழ வேண்டும். பாரிமுனையில் மூட்டை தூக்கியவனுக்கு, கூப்பிட்ட குரலுக்கு ஓடிப்போய் நிற்பதுதான் வேலையே. கூப்பிடு தூரத்தைத்தான் பிடுங்கிக்கொண்டார்களே. 2021லிருந்து சாதாரணப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை, நல்ல காரியம், கையெடுத்துக் கும்பிடலாம். ஆனால் போகவும் வரவும் நாலு மணி நேரம் யார் கணக்கில்? ஆற்றோரத்திலிருந்து அப்புறப்படுத்தப்பட்டவர்களுக்குச் சாமான் ஏற்ற 5,000 ரூபாயும், ஓர் ஆண்டுக்கு மாதம் 2,500 ரூபாயும் கொடுக்கிறார்கள். நாளுக்கு 83 ரூபாய். ஒரு வருடத்துக்குள் புது ஊரில், புது வேலையில், புது மனிதராகிவிட வேண்டும். ஆக முடியாதவர்கள் முயற்சி இல்லாதவர்கள்.

புது வேலை இல்லாமலா போயிற்று? பக்கத்திலேயே ராஜீவ் காந்தி சாலை. கண்ணாடி மாளிகைகள். அறிவு வழிந்து ஓடும் சாலை. அந்த மாளிகைகளில் கழிப்பறை கழுவ, கேட்டில் நிற்க, கேன்டீனில் தட்டுக் கழுவ ஆள் வேண்டும். ஆள்கள் நடந்து வரும் தூரத்தில் இருக்கிறார்கள். இது தற்செயல் என்று நம்புகிறவர்கள் நம்பலாம். அங்கேயும் ஒரு சிக்கல். பயோடேட்டாவில் முகவரி எழுத வேண்டும். கண்ணகி நகர் என்று எழுதினால், "அப்புறம் சொல்லி அனுப்புறோம்" என்பார்கள். அதனால் பிள்ளைகள் துரைப்பாக்கம் என்று மட்டும் எழுதக் கற்றுக்கொண்டார்கள். சிந்தாதிரிப்பேட்டையில் பிறந்தவன் என்று மார்தட்டிக்கொண்டிருந்த அப்பனின் மகன், தான் இருக்கும் இடத்தை ஒளித்துக்கொண்டு பிழைக்கிறான்.

சுவருக்குக் குறைவில்லை. 2020இல் கண்ணகி நகர்ச் சுவர்களில் கட்டட உயரத்துக்கு ஓவியங்கள் வந்தன. ஓவியர்கள்மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை, அழகாகவே வரைந்திருக்கிறார்கள். கோபம் அதைப் பார்க்க வந்தவர்கள்மேல். அதுவரை ஆட்டோகூட உள்ளே வரத் தயங்கிய இடத்துக்குக் கேமராவோடு போய், சுவரைப் படம் பிடித்துக்கொண்டு, சுவருக்குப் பின்னால் இருப்பவரிடம் ஒரு வார்த்தை பேசாமல் திரும்பி வந்தார்கள். 2025இல் அதே நகரிலிருந்து ஒரு பெண் ஆசிய இளையோர் விளையாட்டில் கபடி ஆடி, தங்கம் வென்ற இந்திய அணியோடு வந்தாள். ஒரு வாரம் எல்லார் வாயிலும் கண்ணகி நகர். முகவரியைச் சுத்தம் செய்ய ஒரு குடியிருப்பு ஆசியத் தங்கம் வாங்கி வர வேண்டியிருக்கிறது. அண்ணா நகர்க்காரர் யாரிடமாவது இப்படி ஒரு சான்றிதழ் கேட்டிருக்கிறோமா?

கண்ணகி என்று பெயர் வைத்தவரின் துணிச்சலை நினைத்தால் எனக்கு இன்னும் ஆச்சரியம் அடங்கவில்லை. பிறந்த ஊரை விட்டுப் பிழைக்க வேறு ஊருக்கு வந்து, வந்த இடத்தில் அரசின் தப்பான தீர்ப்பால் புருஷனைப் பறிகொடுத்து, நியாயம் கேட்டு, வென்ற பிறகும் ஆறாமல், ஊரையே கொளுத்தியவள். அவள் பெயரை, ஊர் பறிபோனவர்களைக் கொட்டிய இடத்துக்கு வைக்க ஒன்று அபார நெஞ்சழுத்தம் வேண்டும், இல்லையென்றால் சிலப்பதிகாரத்தைப் பாதியில் மூடியிருக்க வேண்டும்.

அந்தக் கண்ணகியும் தப்பவில்லை. 1968 உலகத் தமிழ் மாநாட்டின்போது மெரினாவில் சிலையாகக் குடிவந்தவள், 2001 டிசம்பரில் அப்புறப்படுத்தப்பட்டாள். லாரி மோதியது என்றார்கள், போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்றார்கள். வாஸ்து என்று ஊர் பேசியது. எழும்பூர் அருங்காட்சியகத்தில் கிடந்தாள். தமிழ்நாடே கொந்தளித்தது. போராட்டம், கவிதை, மேடை. 2006இல் ஆட்சி மாறிய கையோடு அதே மெரினாவுக்குத் திரும்பி வந்தாள். எனக்குத் தெரிந்து, மெரினாவிலிருந்து தூக்கப்பட்டு அதே மெரினாவிலேயே மறுகுடியமர்த்தப்பட்ட ஒரே பெண் அவள்தான். அவளுக்குக் கைரேகை கேட்கவில்லை, டோக்கன் கொடுக்கவில்லை. வெண்கலமாக இருப்பதில் இவ்வளவு வசதி.

இதில் எந்தக் கட்சியைத் திட்டுவது என்று தெரியாமல் தவிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: தவிக்க வேண்டாம். கண்ணகி நகரை ஒரு கழகம் தொடங்கியது, இன்னொரு கழகம் பெருக்கியது. பெரும்பாக்கத்தை ஒருவர் திட்டமிட்டார், இன்னொருவர் நிரப்பினார். ஒருவர் திறந்த திட்டத்தை மற்றவர் மூடுவது இந்த நாட்டில் மரபு. மூடாமல் தொடர்ந்தது இது ஒன்றுதான்.

2022 மே மாதம் ராஜா அண்ணாமலைபுரம் கோவிந்தசாமி நகர். பக்கிங்காம் கால்வாய் ஓரம், உச்ச நீதிமன்ற ஆணையின் பேரில் வீடுகளை இடித்துக்கொண்டிருந்தார்கள். அங்கே குடியிருந்த முதியவர் ஒருவர் எல்லார் கண் முன்னாலும் தன்மேல் தீ வைத்துக்கொண்டு இறந்துபோனார். அதன் பிறகு முதலமைச்சர் சட்டமன்றத்தில் எழுந்து, இவர்களுக்கு மந்தைவெளி, மயிலாப்பூர் பகுதிகளிலேயே வீடு ஒதுக்கப்படும் என்றார். அதுவரை எங்கே இருந்தது அந்த மந்தைவெளி? முந்தின வாரம் வரைபடத்தில் இல்லையா? நகருக்குள் இடமே இல்லை, இடமே இல்லை என்று ஆண்டாண்டாகச் சொன்ன வாய்க்கு, ஓர் உடம்பு எரிந்த வெளிச்சத்தில் இடம் தெரிந்தது. ஒரு பகுதிக்கு ஓர் ஆள் என்று கணக்கா?

அரசை மட்டும் திட்டிவிட்டு நகர்ந்துவிட எனக்கு மனசில்லை. கால்வாயோரம் கொசு, நாற்றம், குடிகாரர் தொல்லை, மனையின் விலை ஏறவில்லை என்று மனுப் போட்டது யார்? அதே தெருவின் குடியிருப்போர் சங்கம்தான். அவர்கள் வீட்டுக் கழிவுநீர் மழைநீர் வடிகால் வழியாக எந்தக் கால்வாய்க்குப் போகிறது என்று அந்த மனுவில் ஒரு வரி இராது. இடித்த மறு வாரம் அதே சங்கத்தின் வாட்ஸ்அப்பில் வேறு செய்தி: "வேலைக்கார அம்மா வரல. யாருக்காவது நம்பகமான ஆள் தெரியுமா? காலை 6 மணிக்கு வரணும். பக்கத்துலயே இருக்கிறவங்களா இருந்தா நல்லது." பக்கத்திலேயேதான் இருந்தாள், மாமி. உங்கள் வீட்டு மொட்டைமாடியிலிருந்து பார்த்தால் அவள் வீட்டுக் கூரை தெரிந்தது. அதுதானே உங்கள் புகார்.

ஆகவே எனக்கு ஒரு யோசனை. 2021இல் குடிசை மாற்று வாரியம், நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று பெயர் மாறியது. பெயர்தான் மாறியது, தலைமை அலுவலகம் இருந்த இடத்திலேயே இருக்கிறது, காமராஜர் சாலை, எண் 5. எதிரே கடற்கரை. கொஞ்சம் வடக்கே கூவத்தின் முகத்துவாரம். கொஞ்சம் மேற்கே பக்கிங்காம் கால்வாய். மூன்று பக்கமும் தண்ணீர். சுனாமி வந்து பார்த்துவிட்டுப் போன கரை. இப்படிப்பட்ட அபாயத்தில் இத்தனை அதிகாரிகளை விட்டுவைப்பது நெஞ்சில் ஈரமுள்ள அரசு செய்கிற காரியமா?

பெரும்பாக்கத்தில், ஏழாவது மாடியில், அலுவலகத்துக்கு இடம் ஒதுக்கலாம். முதலில் எல்லா அறைக் கதவிலும் பெயின்டால் நம்பர் போடப்படும். தலைமைப் பொறியாளர் முதல் கடைநிலை ஊழியர் வரை கைரேகை பதியப்படும். அன்று விடுப்பில் இருந்தவர்கள் வாரியத்தில் வேலை பார்த்ததற்கே ஆதாரம் காட்ட வேண்டும். சாமான் ஏற்ற ஆளுக்கு 5,000, ஓர் ஆண்டுக்கு மாதம் 2,500. பிள்ளைகளின் பள்ளியை நடு ஆண்டில் மாற்றிக்கொள்ளலாம். முதல் மூன்று மழைக்குக் கீழே நிறுத்தும் வண்டிகளைச் செங்கல் மேல் தூக்கி வைத்துக்கொள்வது உத்தமம். வெளியே சுவரில் சிரித்த முகத்தோடு அதிகாரிகளின் ஓவியம் வரைந்து தரப்படும். லாரி திங்கட்கிழமை விடியற்காலையில் வரும். ஆட்சேபணை உள்ளவர்கள் எழுத்துமூலம் மனுக் கொடுக்கலாம்; மனு வாங்கும் பிரிவு மட்டும் ஞாயிற்றுக்கிழமையே பெரும்பாக்கம் போய்விட்டிருக்கும்.